வெற்றுத் தாளில் அக்காவின் கையெழுத்து

அன்று காலை என் அக்கா சகுந்தலா இருபது தாள்களில் கையெழுத்துப் போட்டாள். ஒரு தாளிலும் ஒரு வரிகூட எழுதியிருக்கவில்லை.

ஞாயிற்றுக்கிழமை. மாமாவின் சட்டைகளை இஸ்திரிக்கு வாங்கிப் போக நான் அவர்கள் வீட்டு வாசலில் நின்றிருந்தேன். அக்கா சமையலறையில் வஞ்சிர மீனுக்கு மசாலா தடவிக்கொண்டிருந்தாள். பூண்டும் மிளகாய்த்தூளும் கலந்த வாடை கூடம் வரைக்கும் வந்தது.

"சகு, சீக்கிரம் வந்து போட்டுட்டுப் போ. ஆளு வெயிட் பண்றான்" என்று மாமா கூப்பிட்டார்.

அக்கா கையைத் துடைத்துக்கொண்டே வந்தாள். மேசைமேல் அவளுடைய லெட்டர்பேடு இருந்தது. தாளின் மேலே அவள் பெயர், மாமன்ற உறுப்பினர் என்ற பதவி, அதற்குப் பக்கத்தில் அதே அளவு எழுத்தில் மாமாவின் பெயர்.

"எதுக்குன்னு சொன்னா ஆவாதா?"

"தெருவிளக்கு, குப்பை, வேற இன்னா? நீ போடு."

அவள் நின்றபடியே போட்டாள். மூன்றாவது தாளின் மூலையில் மசாலாக் கட்டைவிரல் பட்டுவிட்டது. "இத்த கிழிச்சிடவா?" என்று கேட்டாள். "பரவால்ல, வுடு" என்றார் மாமா.

நான் சட்டைகளை எடுத்துக்கொண்டு கிளம்பிவிட்டேன். அந்த விரல் ரேகை ஒரு மாதம் கழித்து எங்கள் குடும்பத்தையே ஆட்டிவைக்கப் போகிறது என்று அப்போது யாருக்கும் தெரியாது.

சட்டையைப் பார்த்தால் தெரியும்

இந்தத் தொடரைப் புதிதாகப் படிப்பவர்களுக்காக ஒரு வார்த்தை. நான் மந்தைவெளியில் தெருமுனையில் வண்டி போட்டு இஸ்திரி போடுகிறவன். ஐந்தாம் வகுப்போடு பள்ளிக்கூடம் முடிந்தது. எழுந்து நின்று பாடம் வாசிக்கச் சொன்னால் எனக்கு நாக்கு ஒட்டிக்கொள்ளும். அதனாலேயே போகாமல் நின்றுவிட்டேன். அக்கா அப்படியில்லை. பத்தாவது வரைக்கும் படித்தாள். அப்பாவின் வண்டிக்குப் பக்கத்தில் நின்று துணி சுற்றிவந்த பேப்பரையெல்லாம் சத்தமாக வாசிப்பாள். கஞ்சி போட்ட துணியில் சூடு படும்போது ஒரு வாசனை வரும். அந்த வாசனைக்கு நடுவில்தான் நான் செய்திகளைக் கேட்டு வளர்ந்தேன்.

அக்காவின் கணவர் குமரேசன் எனக்கு மாமா. கட்சியில் வட்டச் செயலாளர். தெருவில் அவரை யாரும் பெயர் சொல்லிக் கூப்பிட மாட்டார்கள். "வட்டம்" என்றுதான் சொல்வார்கள். "வட்டம் வீட்ல கீறாரா?" என்று கேட்டுக்கொண்டு வருவார்கள்.

அவர் சட்டைகளை இருபத்தைந்து வருடமாக நான்தான் தேய்க்கிறேன். அரசியல்காரரின் வெள்ளைச் சட்டையைப் பார்த்தாலே அவருடைய நாள் எப்படிப் போனது என்று எனக்குத் தெரிந்துவிடும். முதுகுப் பக்கம் கசங்கியிருந்தால் மேடையில் நாற்காலி கிடைத்திருக்கிறது. முழங்கை மடிப்பில் கசங்கியிருந்தால் நின்றபடியே பலபேரைக் கும்பிட்டிருக்கிறார். தோள்பட்டை கசங்கி வந்தால் கூட்டத்தில் யாரோ பிடித்துத் தள்ளியிருக்கிறார்கள். மாமாவின் சட்டை பெரும்பாலும் முழங்கையில்தான் கசங்கி வரும்.

அவர் கெட்டவர் இல்லை. மழைக்காலத்தில் இடுப்பளவு தண்ணீரில் நடந்துபோய்ப் பால் பாக்கெட் கொடுத்தவர். ராயப்பேட்டை ஆஸ்பத்திரியில் யாருக்காவது ரத்தம் வேண்டுமென்றால் முதலில் கையை நீட்டுகிறவர். இதைச் சொல்லாமல் மற்றதைச் சொன்னால் நியாயமாக இருக்காது.

வட்டம் சம்சாரம்

மாமா "வட்டம்" என்றால் அக்கா "வட்டம் சம்சாரம்". கல்யாணப் பத்திரிகையில் "திருமதி குமரேசன்". கட்சிக்காரர்களுக்கு "அண்ணி". டீ போட்டுக்கொடுத்தே அவளுக்கு வலது தோள் வலிக்க ஆரம்பித்துவிட்டது. வந்தவர்களில் யாருக்குச் சர்க்கரை கூடாது, யாருக்கு இஞ்சி வேண்டும் என்பதெல்லாம் அவளுக்கு மனப்பாடம். அவள் பெயரைக் கேட்டவர்கள் மட்டும் யாருமில்லை.

பொதுக்கூட்டத்துக்குப் போனால் கட்சிக் கரை போட்ட சேலை கட்டி முதல் வரிசையில் உட்கார வேண்டும். கைதட்ட வேண்டிய இடத்தில் தட்ட வேண்டும். ஒருமுறை மாமா பேசும்போது ஒரு தெருவின் பெயரைத் தப்பாகச் சொல்லிவிட்டார். அக்கா கீழே இருந்து மெதுவாகத் திருத்தினாள். வீட்டுக்கு வந்ததும், "நாலு பேர் முன்னாடி வாய மூடினு இருக்கத் தெரியாதா?" என்று கேட்டார். அதன்பிறகு அவள் திருத்தியதே இல்லை.

போன தேர்தலில் எங்கள் வார்டு பெண்களுக்கு என்று ஒதுக்கப்பட்டது. மாமாவுக்கு நிற்க வழியில்லை. இரண்டு நாள் முகத்தைத் தொங்கப்போட்டுக்கொண்டு இருந்தார். மூன்றாவது நாள் அக்காவின் போட்டோவைக் கேட்டார். வீட்டில் அவள் தனியாக இருக்கிற போட்டோ ஒன்றுகூட இல்லை. ஏதோ ஒரு கல்யாணப் படத்தில் மாமாவுக்குப் பக்கத்தில் நின்றவளை வெட்டி எடுத்துத்தான் போஸ்டர் அடித்தார்கள். உற்றுப் பார்த்தால் அவள் தோளில் மாமாவின் நான்கு விரல்கள் தெரியும்.

"வட்டம் சம்சாரத்துக்குப் போடுங்க" என்றுதான் ஓட்டுக் கேட்டார்கள். ஜெயித்தாள். வெடி போட்டார்கள். மாலைகள் எல்லாம் மாமாவின் கழுத்துக்குப் போயின. அக்கா உள்ளே ஐம்பது பேருக்கு டீ போட்டாள்.

பறந்து வந்து குந்திச்சா?

இப்போது அந்தக் கட்டைவிரலுக்கு வருகிறேன்.

எங்கள் வண்டி நிற்கிற தெருவுக்குப் பின்னால் ஒரு குடிசைப் பகுதி இருக்கிறது. அங்கே பெண்களுக்கென்று ஒரு பொதுக் கழிப்பிடம். மோட்டார் பழுதாகித் தண்ணீர் ஏறாததால் பூட்டிப் போட்டிருந்தார்கள். மோட்டாரைச் சரிசெய்து திறக்கச் சொல்லி அந்தப் பெண்கள் அக்காவிடம் மனுக் கொடுத்திருந்தார்கள். அக்கா அதை வாங்கி மாமாவிடம் கொடுத்திருந்தாள். அதுதான் வழக்கம்.

ஒரு மாதம் கழித்து, நான் துணி கொடுக்கப் போயிருந்த நேரத்தில், ஜெயந்தி என்ற பெண் ஏழெட்டுப் பேரோடு வந்தாள். அடையாறில் அடுக்குமாடி வீடுகளைப் பெருக்கித் துடைக்கிற வேலை அவளுக்கு. கையில் ஒரு ஜெராக்ஸ் தாள். மாமா வெளியே போயிருந்தார்.

"யக்கா, இது உன் கையெழுத்துதான?"

"ஆமா."

"அப்ப நீயே படி. எங்களுக்கு நெஞ்சு வேவுது."

அக்கா படித்தாள். அந்தக் கழிப்பிடத்தை யாரும் பயன்படுத்துவதில்லை, அதை இடித்துவிட்டுப் பக்கத்துக் கல்யாண மண்டபத்துக்கு வருகிறவர்கள் வண்டி நிறுத்த இடம் செய்து தர வேண்டும் என்று வார்டு உறுப்பினர் கேட்டுக்கொள்கிறார் என எழுதியிருந்தது. தாளின் மூலையில் கறுப்பாக ஒரு கட்டைவிரல் ரேகை.

"இத்த நான் எழுதல ஜெயந்தி."

"எழுதாத லெட்டர்ல கையெழுத்து எப்டி வந்துச்சு? பறந்து வந்து குந்திச்சா?"

பின்னால் நின்ற ஒருத்தி சிரித்தாள். ஜெயந்தி சிரிக்கவில்லை.

"என் பொண்ணு வயசுக்கு வந்து ஆறு மாசம் ஆவுது. காலைல எழுந்து பறக்கும் ரயில் ஸ்டேஷன் வரைக்கும் போய்க்கினு வருது. உனுக்கு ஓட்டுப் போட்டதே பொம்பளன்னுதான். நீ அவருக்குக் கையாவும் அவரு உனுக்கு மூளையாவும் இருக்கறதுனா, அவரே நின்னிருக்கலாமே."

 அவர்கள் போன பிறகும் அக்கா அந்தத் தாளைப் பார்த்துக்கொண்டே நின்றாள். அந்த ரேகைமேல் தன் கட்டைவிரலை வைத்துப் பார்த்தாள். "வஞ்சிரம்" என்று மட்டும் சொன்னாள்.

உங்களுக்கு மூஞ்சி இருக்கு

மாமா வந்ததும் அவள் அதைக் காட்டினாள். நான் கிளம்பப் பார்த்தேன். "நீ இரு தம்பி" என்றாள்.

நடந்தது இதுதான். மண்டல அலுவலகத்துக்கு எதிரே ஒரு ஜெராக்ஸ் கடை உண்டு. அவசரத்துக்கு இருக்கட்டும் என்று கையெழுத்துப் போட்ட ஐந்து தாள்களை மாமா அங்கே கொடுத்து வைத்திருந்தார். தேவைப்படும்போது போனில் சொன்னால் டைப் அடித்து உள்ளே கொடுத்துவிடுவார்கள். பல வார்டுகளில் கணவன்மார்களின் ஏற்பாடு இதுதான். மண்டபத்து மேனேஜர் போனில் கேட்டிருக்கிறார். மாமா ஏதோ சாவு வீட்டில் இருந்திருக்கிறார்.

"அது பூட்டித்தான் கெடக்குது, யாரும் போறதில்லன்னான். சரி, போட்டுக்கோன்னேன். நான் இன்னா கனவா கண்டேன்?" என்றார் மாமா.

"அவங்க குடுத்த மனு எங்க?"

மாமா பையைத் துழாவினார். மனு அடியில் மடிந்து கிடந்தது.

"வர்ற மண்டலக் கூட்டத்துல இத்த எடுக்கப் போறாங்க. நான் எழுந்து வாபஸ் வாங்கிக்கிறேன்னு சொல்லப் போறேன்" என்றாள் அக்கா.

"கூட்டத்துல சொன்னா பதிவாயிடும் சகு. வெறுந்தாள்ல கையெழுத்து வாங்கி வெச்சிருந்தான் வட்டம்னு ஊரே பேசும். கட்சியில நான் மூஞ்சிய எங்க வெச்சிக்கறது? நானே தனியா போயி சொல்லி அமுக்கிடறேன், வுடு."

"உங்களுக்கு மூஞ்சி இருக்கு. எனக்கு இப்பதான் வருது. அத்த வர்றப்பவே மூடிக்கச் சொல்றீங்களே."

மாமா சட்டையை மாட்டிக்கொண்டு வெளியே போய்விட்டார்.

 சண்டை போடுகிற வீட்டில் நடுவில் நிற்க எனக்கு வராது. ஆனால் அவள் அப்படிப் பேசி நான் கேட்டது சின்ன வயதில்தான். கரிக்கடைத் தராசுக்காரன் ஒருவன் எடையில் அப்பாவை ஏமாற்றப் பார்த்தபோது கரி மூட்டைக்கு முன்னால் நின்று பேசினாள். அந்தக் குரல் எங்கேயோ போயிருந்து திரும்பி வந்தது போல இருந்தது.

அன்று சாயங்காலம் அவள் காலண்டர் தாளின் பின்பக்கத்தில் கடிதம் எழுதினாள். அடித்தாள். திரும்ப எழுதினாள். நான்காவது முறை லெட்டர்பேடில் எழுதினாள். மாமாவின் பெயருக்கு மேல் ஸ்கேல் வைத்து ஒரே கோடு கிழித்தாள். அழுத்தமாக இல்லை, கோபமாகவும் இல்லை. தப்பான கணக்கை அடிக்கிற மாதிரி.

மாமா நான்கு நாள் அவளோடு பேசவில்லை. என்னோடும் பேசவில்லை. சண்டையில் நான் அக்காவோடு நின்றேன் என்ற கோபத்தில் சட்டைகளை லஸ் பக்கம் வேறொரு கடையில் கொடுத்தார். காலர் ஓரத்தில் இரட்டை மடிப்பு விழுந்து வந்தது. அதையே போட்டுக்கொண்டு என் வண்டியைத் தாண்டிப் போனார். எனக்குப் பார்க்கவே பாவமாக இருந்தது.

புருஷன் டூட்டி

கூட்டத்துக்கு மாமா வரவில்லை. "தொணைக்கு நீ வா தம்பி" என்றாள் அக்கா. வண்டியை மூடிவிட்டு ஷேர் ஆட்டோவில் அவளோடு அடையாறு போனேன். அவள் கட்சிக் கரைச் சேலை கட்டவில்லை. பச்சையில் சின்னக் கட்டம் போட்ட நூல் சேலை. முந்தின நாள் நான்தான் தேய்த்துக் கொடுத்தேன்.

மண்டல அலுவலகத்தில் ஒரு வேப்பமரம் இருக்கிறது. பெண் கவுன்சிலர்கள் உள்ளே போனதும் அவர்களுடைய கணவன்மார்கள் அதன் நிழலில்தான் நிற்பார்கள். வரிசையாக வெள்ளைச் சட்டைகள். உள்ளே என்ன பேச வேண்டும் என்று வாசல் வரைக்கும் சொல்லி அனுப்புவார்கள். மறந்துவிட்டால் போனில் சொல்வார்கள்.

என்னைப் பார்த்ததும் அதில் ஒருவர், "இன்னா இஸ்திரி, இன்னைக்கி நீதான் புருஷன் டூட்டியா?" என்றார்.

எல்லோரும் சிரித்தார்கள். இன்னொருவர், "வட்டம் எங்கப்பா? சதுரமாயிட்டாரா?" என்றார். அதற்கும் சிரித்தார்கள். நான் தலையைக் குனிந்துகொண்டு அவர்கள் சட்டைகளைப் பார்த்துக்கொண்டிருந்தேன். ஒன்றில் பித்தான் பக்கம் சூடு அதிகமாகி மஞ்சளித்திருந்தது.

கூட்டம் நடக்கிற அறைக்கு மரத்தடிப் பக்கம் ஜன்னல்கள் உண்டு. மைக்கில் பேசுவது வெளியே கேட்கும். சாக்கடை, கொசு மருந்து, விளக்குக் கம்பம் என்று போய்க்கொண்டிருந்தது. பிறகு அக்காவின் குரல் வந்தது. முதல் வார்த்தையிலேயே இருமினாள். 

"தலைவர் அவர்களே, கழிப்பிடத்தை இடிக்கச் சொல்லி என் பேர்ல ஒரு கடிதம் வந்திருக்கு. அதுல இருக்கறது என் கையெழுத்துதான். நான் இல்லன்னு சொல்லல. ஆனா நான் கையெழுத்துப் போட்டப்ப அந்தத் தாள்ல ஒண்ணுமே எழுதல. எழுதாத தாள்ல போட்டது என் தப்பு. வேற யார் மேலயும் நான் சொல்ல வரல. அந்தக் கடிதத்த வாபஸ் வாங்கிக்கிறேன்."

உள்ளே சலசலப்பு. தலைவர் மெதுவாக, "ஏம்மா, இத ரூம்ல வந்து சொல்லியிருக்கலாமே. இங்க சொன்னா பதிவுல ஏறிடும்" என்றார்.

"ஏறட்டும் சார். அதுக்குத்தான் இங்க சொல்றேன்."

மரத்தடியில் சிரிப்பு நின்றுவிட்டது. ஒருவர் பீடியைக் கீழே போட்டு மிதித்தார்.

"இது புதுக் கடிதம். நானே எழுதினது. அந்த எடத்துல மோட்டார் மாத்தணும், கதவுக்கு உள்தாழ்ப்பாள் வேணும், விளக்கு வேணும். நாப்பது குடும்பத்துப் பொம்பளைங்க காத்துக்கினு இருக்காங்க. எப்ப முடிப்பீங்கன்னு இப்பவே சொன்னீங்கன்னா நான் போயி அவங்ககிட்ட சொல்லிடுவேன்."

பேச்சு மொழியில் இருந்த அந்த "காத்துக்கினு" மைக்கில் பெரிதாகக் கேட்டது. எங்கள் தெரு உள்ளே போய் நாற்காலி போட்டு உட்கார்ந்ததுபோல இருந்தது எனக்கு.

பொறியாளர் நேரில் பார்ப்பதாகச் சொன்னார். "எப்ப?" என்று கேட்டாள். நாளைக்கு என்றார். "எத்தன மணிக்கு?" என்று கேட்டாள். உள்ளே யாரோ சிரித்தார்கள். இந்தமுறை அது கேலியாக இல்லை.

அவள் வெளியே வந்தபோது வியர்வையில் சேலையின் தோள் மடிப்பு கலைந்திருந்தது. "உளறினேனா தம்பி?" என்றாள்.

"இல்லக்கா" என்றேன். 

வரிசையில் நான்

பதிவில் ஏறியது. ஊர் பேசவும் செய்தது. கட்சியில் மாமாவைக் கூப்பிட்டுக் கேட்டார்கள். என்ன சொன்னார் என்று எங்களுக்குத் தெரியாது. வீட்டுக்கு வந்து, ஜெராக்ஸ் கடையிலிருந்து மிச்சத் தாள்களை வாங்கிவந்து அக்காவின் முன்னால் வைத்தார். அவள் எண்ணிப் பார்க்கவில்லை. அப்படியே கிழித்துக் குப்பையில் போட்டாள். மறுநாள் காலை மாமாவின் சட்டைகள் என் வண்டிக்கு வந்தன.

மோட்டார் வருவதற்கு மூன்று வாரம் ஆனது. அதுவரைக்கும் ஒருநாள் விட்டு ஒருநாள் அக்கா போய் நின்றாள். தண்ணீர் ஏறிய அன்று ஜெயந்தி வீட்டுக்கு வந்து, "கவுன்சிலர் இருக்காங்களா?" என்று மாமாவிடம் கேட்டாள். மாமா வாசலை விட்டு நகர்ந்து வழிவிட்டார். பிறகு, "உள்ள இருக்காங்க, வாம்மா" என்றார்.

இப்போது தினமும் காலையில் ஏழு மணியிலிருந்து அக்கா கூடத்தில் உட்காருகிறாள். மனுவை முழுக்கப் படிக்காமல் பேனாவைத் திறப்பதில்லை. புரியாவிட்டால் கேட்கிறாள். அதனால் நேரமாகிறது. மாங்கொல்லைப் பக்கத்திலிருந்து வருகிற ஒரு மாமி, "எங்காத்துத் தண்ணிக் குழாய்க்கு இவ்ளோ கேள்வியா? வாத்தியாராத்துப் பரீட்சை மாதிரின்னா இருக்கு" என்று முணுமுணுத்துக்கொண்டே எல்லாவற்றுக்கும் பதில் சொன்னார்.

போன மாதம் நானும் ஒரு மனு எழுதினேன். மழை வந்தால் துணிகள் நனைகின்றன. வண்டியைச் சுற்றி நான்கு இரும்புக் கம்பி நட்டுத் தகரம் போட்டுக்கொள்ள அனுமதி வேண்டும். ஐந்தாம் வகுப்புக் கையெழுத்தில் எழுதி எடுத்துக்கொண்டு நேராகச் சமையலறைப் பக்கம் போனேன்.

"மனுன்னா கூடத்துல வரிசைல குந்து" என்றாள் அக்கா.

எனக்கு முன்னால் ஆறு பேர். சுவரோரமாக உட்கார்ந்தேன். மாமா டீ கொண்டுவந்து எல்லோருக்கும் கொடுத்தார். எனக்கும் கொடுத்தார். என் முறை வந்தது.

அக்கா இரண்டு தடவை படித்தாள்.

"கம்பி நடுறது நடைபாதை மேலதான?"

"ஆமாக்கா."

"அப்ப முடியாது."

"நாலு கம்பிதானேக்கா."

"ஜெயந்தி மாமியாரு தடிய ஊணிக்கினு நடக்கற எடம் அது. நாலு கம்பி நட்டா அந்தம்மா ரோட்டுலதான் எறங்கணும். வேற எடம் பாத்து எழுதினு வா, போட்டுத் தர்றேன்."

பின்னால் இருந்தவர்கள் சிரித்தார்கள். "தம்பிக்கே இல்லையா?" என்று யாரோ கேட்டார்கள். அக்கா நிமிர்ந்து பார்க்கவில்லை. மனுவைத் திருப்பிக் கொடுத்துவிட்டு, "அடுத்து யாரு?" என்றாள்.

நான் வண்டிக்கு வந்தேன். பெட்டியைச் சூடேற்றினேன். நான் யாரிடமும் வலியப் பேசுகிறவன் இல்லை. துணியை எண்ணி வாங்குவேன், எண்ணிக் கொடுப்பேன், அவ்வளவுதான். அன்றைக்கு மட்டும் துணி கொண்டுவந்த ஒவ்வொருவரையும் நிறுத்தி வைத்துச் சொன்னேன்.

"எங்க அக்கா எனக்கே கையெழுத்துப் போட மாட்டேன்னு சொல்லிடுச்சுங்க."